ஒன்பது மாதத் தலைமை நீதிபதி: கோகா சுப்பா ராவை எப்படி மதிப்பிடுவது?

#1 · மேலமாசிவீதி

இந்தியத் தலைமை நீதிபதிகளில் யாருடைய தாக்கம் நீண்ட காலம் நின்றது என்று கேட்டால் பகவதியைச் சொல்வார்கள், ஒய்.வி. சந்திரசூட்டைச் சொல்வார்கள். சந்திரசூட் ஏழு வருடத்துக்கு மேல் அந்தப் பதவியில் இருந்தவர். நான் சொல்லப்போகும் ஆள் அதில் இருந்தது ஒன்பது மாதமும் சில நாட்களும்தான். கோகா சுப்பா ராவ். 1966 ஜூன் 30 அன்று பதவியேற்றார். 1967 ஏப்ரல் 11 அன்று ராஜினாமா செய்துவிட்டுக் குடியரசுத் தலைவர் தேர்தலில் நிற்கப் போய்விட்டார்.

அவரைப் பற்றிப் பேசினால் இரண்டே விஷயங்கள்தான் வரும். ஒன்று, நாடாளுமன்றம் அடிப்படை உரிமைகளைத் திருத்தவே முடியாது என்ற கோலக்நாத் தீர்ப்பு, இன்னொன்று அந்த ராஜினாமா. கோலக்நாத்தை ஆறு வருடத்தில் கேசவானந்த பாரதி வழக்கு கவிழ்த்துவிட்டது. ராஜினாமா அவருக்குப் பெருமை சேர்க்கவில்லை. அப்புறம் மிச்சம் என்ன?

மிச்சம்தான் பெரியது என்பது என் கட்சி. 1958 ஜனவரியில் உச்ச நீதிமன்றத்துக்கு வந்ததிலிருந்து தலைமை நீதிபதி ஆகும்வரை எட்டு வருடத்துக்கு மேல், பெரும்பான்மைக்கு எதிராக அவர் எழுதிய தீர்ப்புகள் பல இருக்கின்றன. அன்றைக்குத் தோற்றவை அவை. இன்றைக்கு நம் சட்டமாக இருப்பவையும் அவைதான்.

ஒன்றை மட்டும் விரிவாகச் சொல்கிறேன். உத்தரப் பிரதேசத்தில் கரக் சிங் என்பவரைக் கொள்ளை வழக்கில் பிடிக்கிறார்கள். சாட்சியம் இல்லை, விட்டுவிடுகிறார்கள். ஆனாலும் போலீஸ் அவர் பெயரில் ஹிஸ்டரி ஷீட் திறந்து வைத்துக்கொண்டு பின்னாலேயே சுற்றுகிறது. ராத்திரியில் வீட்டுக்கு வந்து கதவைத் தட்டுவது, தூக்கத்தில் எழுப்புவது, எங்கே போகிறார், யார் வந்து போகிறார்கள் என்று குறித்து வைப்பது. மனிதர் உச்ச நீதிமன்றத்துக்கே போனார். 1962 டிசம்பரில் ஆறு நீதிபதிகள் தீர்ப்புச் சொன்னார்கள். ராத்திரி வீட்டுக்கு வரும் விதி செல்லாது என்பதில் ஆறு பேருக்கும் ஒரே கருத்து. மற்றக் கண்காணிப்பெல்லாம் நடக்கலாம், அந்தரங்கம் என்று ஓர் உரிமையை நம் அரசியல் சாசனம் சொல்லவில்லை என்றார்கள் நான்கு பேர். அதை எழுதியவர் சென்னையிலிருந்து போன ராஜகோபால அய்யங்கார்.

சுப்பா ராவ் ஒத்துக்கொள்ளவில்லை. நீதிபதி ஷா மட்டும் அவரோடு சேர்ந்தார். யாரும் கையைப் பிடித்துத் தடுக்கவில்லை என்பதாலேயே ஒருவன் சுதந்திரமாக நடமாடுகிறான் என்று ஆகிவிடுமா என்பது அவர் கேள்வி. எப்போதும் ஒரு கண் தன்மேல் இருக்கிறது என்று தெரிந்தவனுக்கு மனதிலேயே தடை விழுந்துவிடுகிறது. தனிமனித சுதந்திரம் என்பதற்குள் அந்தரங்கமும் அடக்கம், ஆகவே அந்த விதி முழுவதும் செல்லாது என்று எழுதினார். 2017 ஆகஸ்ட் 24 அன்று ஒன்பது நீதிபதிகள் ஒருமனதாக அந்தரங்கம் அடிப்படை உரிமை என்றார்களே, அந்தப் புட்டசாமி வழக்கில் சரி என்று ஏற்கப்பட்டது இந்தச் சிறுபான்மைத் தீர்ப்புதான். 55 வருடம் ஆகியிருக்கிறது.

மற்றவர்கள் என்ன நினைக்கிறீர்கள்?

#2 · செங்கொடி_நாகை

தோழர், கரக் சிங் சரி. அதே மனிதர் நிலச்சுவான்தார்களுக்கு என்ன செய்தார் என்பதை ஒரு வரியில்கூடச் சொல்லாமல் இழையை ஆரம்பித்திருக்கிறீர்களே. கோலக்நாத் குடும்பம் யார்? பஞ்சாபில் ஜலந்தரில் 500 ஏக்கருக்கு மேல் வைத்திருந்தவர்கள். ஆளுக்கு 30 ஏக்கர் வைத்துக்கொள், மீதியைக் கொடு என்று 1953-இல் வந்த சட்டம் சொன்னது. அதை எதிர்த்துத்தான் வழக்கு. அந்த வழக்கில் நாடாளுமன்றத்தால் அடிப்படை உரிமைகளைத் தொடவே முடியாது என்று தீர்ப்பெழுதியவர் உங்கள் சுப்பா ராவ். அன்றைக்குச் சொத்துரிமையும் அடிப்படை உரிமைதான் என்பதை மறந்துவிடக் கூடாது. 11 நீதிபதிகளில் 6 பேர் ஒரு பக்கம், 5 பேர் மறுபக்கம். ஒரே ஓட்டில் இந்த நாட்டு நிலச் சீர்திருத்தத்தை நிறுத்தப் பார்த்தார்கள்.

#3 · சட்டக்கல்லூரி_மாடிப்படி

எங்கள் வகுப்பில் கோலக்நாத் வழக்கை ஒரு மணி நேரத்தில் முடித்துவிட்டார்கள். எனக்கு ஒரு சந்தேகம். அரசியல் சாசனத்தில் அதற்கு முன் செய்த திருத்தங்களைத் தீர்ப்பு தொடவில்லை என்று படித்தேன். அப்படியானால் கோலக்நாத் குடும்பத்துக்கு நிலம் திரும்பக் கிடைத்ததா இல்லையா?

#4 · குமாஸ்தா_ராமு

கிடைக்கவில்லை அம்மா. அந்த வழக்கின் வேடிக்கையே அதுதான். கொள்கையில் ஜெயித்தார்கள், மனு தள்ளுபடி ஆனது.

கொஞ்சம் பின்னால் போக வேண்டும். 1951-இல் சங்கரி பிரசாத் வழக்கில் ஐந்து நீதிபதிகளும் நாடாளுமன்றம் எந்தப் பகுதியையும் திருத்தலாம் என்றார்கள். எழுதியவர் பதஞ்சலி சாஸ்திரி, நம் சென்னைக்காரர், அடுத்ததாகத் தலைமை நீதிபதி ஆனவர். 1965-இல் சஜ்ஜன் சிங் வழக்கில் மறுபடியும் அதே முடிவு. ஆனால் ஐந்து பேரில் இதாயத்துல்லாவும் முதோல்கரும் இது சரியா என்று சந்தேகத்தைப் பதிவு செய்தார்கள். அந்த விரிசலைப் பிடித்துக்கொண்டுதான் 11 நீதிபதி அமர்வு கூடியது.

சுப்பா ராவுக்கு ஒரு சிக்கல். பழைய தீர்ப்புகள் தவறு என்று சொல்லிவிட்டால் முதல் திருத்தம், நான்காம் திருத்தம், பதினேழாம் திருத்தம் எல்லாமே செல்லாதவை ஆகிவிடும். அவற்றை நம்பி நாடு முழுக்க லட்சக்கணக்கான ஏக்கர் கைமாறியிருக்கிறது. அத்தனையையும் திருப்பிக் கொடு என்று சொல்ல முடியுமா? ஆகவே அமெரிக்க நீதிமன்றங்களிலிருந்து ஒரு வழியைக் கொண்டுவந்தார். இனிமேல் வரும் திருத்தங்களுக்குத்தான் இந்தத் தீர்ப்பு பொருந்தும், நடந்தது நடந்ததாகவே இருக்கட்டும் என்றார். இந்தியாவில் இப்படி ஒரு தீர்ப்பு வந்தது அதுதான் முதல் முறை. கோலக்நாத் கவிழ்ந்த பிறகும் இந்த உத்தி மட்டும் நிலைத்துவிட்டது. இன்றும் உச்ச நீதிமன்றம் இந்தத் தீர்ப்பு இன்ன தேதியிலிருந்துதான் அமல் என்று எழுதும்போதெல்லாம் அவருடைய வழியில்தான் போகிறது.

#5 · செங்கொடி_நாகை

ராமு ஐயா விளக்கத்துக்கு நன்றி. என் கேள்வி அப்படியே நிற்கிறது. பழைய சட்டங்கள் பிழைத்தன, சரி. இனிமேல் எந்த மாநிலமாவது நில உச்சவரம்பைக் குறைத்தால், அந்தச் சட்டத்தை, அடிப்படை உரிமையைக் காட்டி வழக்குப் போட முடியாதபடி சாசனத்தின் ஒன்பதாவது அட்டவணையில் சேர்த்துக் காப்பாற்றும் வழியை அடைத்தாரா இல்லையா?

இன்னொன்றும் சேர்த்துக்கொள்ளுங்கள். வஜ்ரவேலு முதலியார் வழக்கு, 1965, நம் ஊர் வழக்கு. வீட்டுவசதிக்கு நிலம் எடுக்க 1961-இல் சென்னை அரசு ஒரு திருத்தச் சட்டம் போட்டது. அறிவிப்புத் தேதியில் உள்ள சந்தை மதிப்பு, அதற்கு முந்தைய ஐந்து வருடச் சராசரி, இரண்டில் எது குறைவோ அதைக் கொடுத்தால் போதும். கூடுதலாகத் தரும் 15 சதவீதமும் 5 ஆனது. நகரத்தில் நில விலை ஏறிக்கொண்டிருந்த காலத்தில் இது நியாயம்தானே? சுப்பா ராவ் செல்லாது என்றார். இழப்பீடு என்றால் பறித்த சொத்துக்கு ஈடான மதிப்பு என்றும் எழுதினார். நான்காம் திருத்தம் இழப்பீடு போதுமா என்று நீதிமன்றம் கேட்கவே கூடாது என்று சொன்ன பிறகும்!

#6 · மேலமாசிவீதி

தோழர் சொல்வதில் பாதியை ஒத்துக்கொள்கிறேன். வஜ்ரவேலு தீர்ப்பில் சட்டம் விழுந்தது சமத்துவத்தை மீறியதால். ஒரே மாதிரி நிலத்துக்கு, எடுக்கும் காரணத்தைப் பொறுத்து வேறு வேறு தொகையா என்பதுதான் அங்கே முடிவு செய்த விஷயம். ஈடான மதிப்பு பற்றிய பேச்சு வழக்குக்குத் தேவையில்லாதது. 1969-இல் சாந்திலால் மங்கள்தாஸ் வழக்கில் உச்ச நீதிமன்றமே அப்படிச் சொல்லி ஒதுக்கி வைத்தது. தேவையில்லாத இடத்தில் எழுதினார் என்றால் அவருக்கு அதில் எவ்வளவு பிடிப்பு இருந்தது என்று தெரிகிறது. சொத்துரிமையில் அவர் பழமைவாதிதான், மறைக்க ஒன்றுமில்லை.

ஆனால் நிலச் சட்டங்களைத் தடுத்தவர் சுப்பா ராவ், காத்தவர்கள் மறுபக்கத்து ஐந்து பேர் என்று கோடு போடாதீர்கள். கோலக்நாத்தில் எதிர்த்தரப்புத் தீர்ப்பை எழுதிய முக்கிய நீதிபதி வாஞ்சூ. அதே வாஞ்சூதான் 1961-இல் கேரளத்து நிலச் சட்டத்தைச் செல்லாது என்று எழுதியவர். 1964-இல் கிருஷ்ணசாமி நாயுடு வழக்கில் நம் சென்னை மாகாண 1961 நில உச்சவரம்புச் சட்டத்தையும் அவர்தான் வீழ்த்தினார். அதே 1964-இல் 17ஆவது திருத்தம் வந்தது. 44 சட்டங்களை ஒன்பதாவது அட்டவணையில் சேர்த்தார்கள், நம் சட்டமும் அதில் ஒன்று. அந்தத் திருத்தத்தைத்தான் கோலக்நாத் குடும்பம் எதிர்த்தது. சுப்பா ராவ் பழையவற்றைத் தொடாமல் விட்டதால் நம் 30 ஸ்டாண்டர்டு ஏக்கர் சட்டம் தப்பியது.

#7 · கோதாவரித்_தண்ணீர்

சொந்த ஊர்க்காரன் என்ற முறையில் நுழைகிறேன். பிறந்து வளர்ந்தது ராஜமுந்திரி, இப்போது இருப்பது சென்னை. சுப்பா ராவும் அப்படித்தான். 1902-இல் ராஜமுந்திரியில் பிறந்து சென்னை சட்டக்கல்லூரிக்கு வந்தவர். மாமனார் வெங்கடரமண ராவ் நாயுடு பெரிய வக்கீல், பிறகு நீதிபதி. அவருடைய மகன்தான் பி.வி. ராஜமன்னார். அதாவது சுப்பா ராவின் மைத்துனர். இருவரும் சேர்ந்து சென்னை உயர் நீதிமன்றத்தில் தொழில் செய்தார்கள். 1948-இல் ராஜமன்னார் சென்னை உயர் நீதிமன்றத்தின் முதல் இந்தியத் தலைமை நீதிபதி ஆனார். அதே வருடம் சுப்பா ராவும் அங்கே நீதிபதி ஆனார்.

தமிழர்களுக்கு ராஜமன்னாரைத் தெரியும், ராஜமன்னார் குழு என்று சொன்னால் போதும். 1969-இல் திமுக அரசு மத்திய மாநில உறவை ஆராயப் போட்ட குழு. மைத்துனர் இருவரும் வேறு வேறு வழியில் ஒரே காரியத்தைச் செய்தார்கள் என்று எனக்குத் தோன்றும். டெல்லியின் கைக்கு எல்லை எது என்று கேட்டார்கள்.

ஆந்திரம் பிரிந்த பிறகு 1954-இல் குண்டூரில் உயர் நீதிமன்றம் தொடங்கியபோது தலைமை நீதிபதி இவர்தான். தலைநகரம் கர்னூல், நீதிமன்றம் குண்டூர். அந்தக் கூத்தைத் தனி இழையில் பேசலாம்.

#8 · காரைக்கால்_காற்று

நானாவதி வழக்குத் தீர்ப்பை எழுதியவரும் இவர்தானே? சினிமா எடுத்தார்கள், தொடர் எடுத்தார்கள், தீர்ப்பு எழுதியவர் பெயர் மட்டும் யாருக்கும் தெரியாது.

#9 · குமாஸ்தா_ராமு

இவரேதான். 1961 நவம்பர் 24. கடற்படை அதிகாரி, மனைவியின் காதலனைச் சுட்ட வழக்கு. ஜூரி எட்டுக்கு ஒன்று என்ற கணக்கில் குற்றவாளி இல்லை என்றது, பம்பாய் உயர் நீதிமன்றம் ஆயுள் தண்டனை கொடுத்தது, உச்ச நீதிமன்றம் அதை உறுதி செய்தது. திடீர்க் கோபத்தில் செய்தது என்று சொல்ல எவ்வளவு நேர இடைவெளி இருக்கலாம் என்பதற்கு இன்றும் கீழ்க் கோர்ட்டுகளில் காட்டும் தீர்ப்பு அது. மனைவி சொன்னதைக் கேட்டபின் அவர் குடும்பத்தை சினிமா தியேட்டரில் இறக்கிவிட்டு, கப்பலுக்குப் போய்த் துப்பாக்கி வாங்கி, அதன் பிறகுதான் போயிருக்கிறார். கோபம் ஆற நேரம் இருந்தது என்றார் சுப்பா ராவ். குற்றவியல் பக்கத்தில் பரீட்சைக்கு இவரைப் படித்தவர்கள் அரசியல் சாசனப் பக்கத்தில் இவரை மறந்துவிடுகிறார்கள்.

#10 · மட்டுறுத்துநர்

நானாவதிக்கு ஏற்கெனவே இரண்டு இழைகள் இருக்கின்றன. இங்கே சுப்பா ராவோடு நிற்போம்.

#11 · ஈரோடு_மஞ்சள்

இடஒதுக்கீடு பற்றி யாரும் சொல்லவில்லை, ஆச்சரியமாக இருக்கிறது. 1963, தேவதாசன் வழக்கு. மத்திய அரசுப் பணியில் பட்டியல் சாதி, பழங்குடி இடங்கள் நிரம்பாவிட்டால் அடுத்த வருடத்துக்குக் கொண்டுபோகும் விதி இருந்தது. அப்படிச் சேர்ந்து ஒரு வருடத்தில் பாதிக்கு மேல் போய்விட்டது என்று வழக்கு. ஐந்து பேரில் நான்கு பேர் விதியை ரத்து செய்தார்கள். சுப்பா ராவ் ஒருவர் மட்டும் எதிர்த்தார்.

அதில் அவர் ஒரு குதிரைப் பந்தயத்தை உதாரணம் காட்டுகிறார். நல்ல பந்தயக் குதிரையையும் சாதாரணக் குதிரையையும் ஒரே கோட்டில் நிறுத்திவிட்டு, சமவாய்ப்புக் கொடுத்தேன் என்று சொல்லலாமா என்று. ஆனால் அந்தத் தீர்ப்பின் சாரம் அதில் இல்லை. அரசுப் பணியில் இடஒதுக்கீட்டுக்கு இடம் தரும் பிரிவு 16(4) சமவாய்ப்புக்கு விதிவிலக்கு இல்லை, சமவாய்ப்பின் இன்னொரு முகம் என்றாரே, அதுதான் சாரம். விதிவிலக்கு என்றால் சுருக்கிச் சுருக்கித்தான் பொருள் கொள்ள வேண்டும். சமத்துவத்தின் பகுதி என்றால் கதையே வேறு. 1975-இல் தாமஸ் வழக்கு இந்தப் பார்வையை எடுத்துக்கொண்டது, 1992-இல் மண்டல் வழக்கில் ஒன்பது நீதிபதி அமர்வும் அந்த வழிக்கே வந்தது. சமூகநீதி மேடையில் இந்தப் பெயர் ஒலிப்பதே இல்லை. நிலவழக்குகளால் இருக்கும் கோபம் இங்கேயும் வந்துவிட்டது என்று நினைக்கிறேன்.

முழுவதும் பாராட்டு வேண்டாம் என்றால் இதையும் சொல்கிறேன். 1964-இல் சித்ரலேகா வழக்கில், மைசூர் அரசு சாதியைக் கணக்கில் எடுக்காமல் வருமானத்தையும் தொழிலையும் வைத்துப் பின்தங்கியவர்களைக் கண்டுபிடித்தது. அது செல்லும் என்று பெரும்பான்மைக்காக எழுதியவரும் அவரே. சாதியைப் பார்க்கலாம், பார்த்தே ஆக வேண்டும் என்பதில்லை என்பது அவர் நிலை. நம் ஊரில் அதை ஏற்க மாட்டார்கள்.

#12 · செங்கொடி_நாகை

ஈரோடு நண்பரே, தேவதாசன் பற்றி எழுதியதற்கு நன்றி, படிக்கிறேன். ஆனால் மேலமாசிவீதி ராஜினாமாவை ஒரே வரியில் தாண்டியதை விடமாட்டேன்.

தேதிகளை வரிசையாக வையுங்கள். 1967 பிப்ரவரியில் பொதுத்தேர்தல். காங்கிரஸ் மக்களவையில் 283 இடங்களுக்கு இறங்கிவிட்டது, இங்கே திமுக ஆட்சியைப் பிடித்தது. பிப்ரவரி 27-இல் கோலக்நாத் தீர்ப்பு, காங்கிரஸ் அரசின் நில அரசியலுக்கு அடி. ஏப்ரல் 11-இல் ராஜினாமா. இடையில் ஆறு வாரம். மே மாதம் காங்கிரஸ் வேட்பாளர் ஜாகிர் உசேனுக்கு எதிராக, எதிர்க்கட்சிகளின் வேட்பாளராகக் களத்தில் நிற்கிறார். ஜூலை மாதம் 65 வயது முடிந்து தானாகவே ஓய்வு பெற வேண்டியவர், மூன்று மாதம் பொறுக்கவில்லை. இதைப் பார்க்கும் சாதாரண ஆளுக்கு என்ன தோன்றும்?

#13 · சட்டக்கல்லூரி_மாடிப்படி

தேர்தல் மே மாதம் என்றால் ஜூலைவரை பொறுத்திருந்தால் நிற்கவே முடியாதே?

#14 · குமாஸ்தா_ராமு

சரியான கேள்வி. சம்பளம் வாங்கும் அரசுப் பதவியில் இருந்துகொண்டு குடியரசுத் தலைவர் தேர்தலில் நிற்க முடியாது, ஆகவே ராஜினாமா செய்யாமல் வழியில்லை. சட்டப்படி தப்பு ஒன்றும் இல்லை. உச்ச நீதிமன்ற நீதிபதி ஓய்வுக்குப் பிறகு எந்த நீதிமன்றத்திலும் வாதாடக் கூடாது என்றுதான் சாசனம் சொல்கிறது. பதவி ஏற்கக் கூடாது, தேர்தலில் நிற்கக் கூடாது என்று எங்கும் இல்லை.

ஆனாலும் செங்கொடி சொல்வதுதான் என் கருத்தும். தலைமை நீதிபதி வேட்பாளர் ஆக ஒப்புக்கொள்ள வேண்டுமென்றால், பதவியில் இருக்கும்போதே யாரோ வந்து பேசியிருக்க வேண்டும், இவர் கேட்டிருக்க வேண்டும். ஏப்ரல் 10 அன்றுகூட அவர் தீர்ப்புச் சொல்லியிருக்கிறார். சத்வந்த் சிங் சாஹ்னி வழக்கு. பாஸ்போர்ட்டை அரசு இஷ்டப்படி பிடுங்கிக்கொள்ளலாமா என்பது கேள்வி. வெளிநாடு போகும் உரிமையும் தனிமனித சுதந்திரத்தில் சேரும், சட்டம் ஏதும் இல்லாமல் மறுக்க முடியாது என்று மூன்றுக்கு இரண்டு என்ற கணக்கில் தீர்ப்பு. அருமையான தீர்ப்பு, அரசு அவசர அவசரமாக அதே வருடம் பாஸ்போர்ட் சட்டம் கொண்டுவர வேண்டியதாயிற்று. 1978-இல் மேனகா காந்தி வழக்குக்கு அஸ்திவாரமும் அதுதான். அப்படிப்பட்ட தீர்ப்பை அரசுக்கு எதிராகச் சொல்லிவிட்டு மறுநாள் அரசின் வேட்பாளரை எதிர்க்கப் போனால், தீர்ப்பின் மேலேயே சந்தேகம் விழும். தீர்ப்பு நன்றாக இருக்கிறது என்பதால்தான் எனக்கு வருத்தம் அதிகம்.

#15 · காரைக்கால்_காற்று

ஜெயிக்கவாவது செய்தாரா என்றால் அதுவும் இல்லை. ஜாகிர் உசேனுக்கு 4,71,244, இவருக்கு 3,63,971.

இதில் ஒரு வேடிக்கை உண்டு. கோலக்நாத்தில் ஆறாவது ஓட்டுப் போட்ட இதாயத்துல்லா பிறகு தலைமை நீதிபதி ஆனார். 1969-இல் ஜாகிர் உசேன் பதவியில் இருக்கும்போதே இறந்தார், துணைத் தலைவர் வி.வி. கிரி தேர்தலில் நிற்க ராஜினாமா செய்தார். சட்டப்படி அடுத்த ஆள் தலைமை நீதிபதி. ஜூலை, ஆகஸ்டில் ஒரு மாதத்துக்கும் மேல் இதாயத்துல்லா தற்காலிகக் குடியரசுத் தலைவர். பத்து வருடம் கழித்துத் துணைக் குடியரசுத் தலைவரும் ஆனார். ஓட்டுக் கேட்டு நின்றவருக்குக் கிடைக்காதது, சும்மா உட்கார்ந்திருந்தவர் வீட்டுக் கதவைத் தட்டியிருக்கிறது.

#16 · ஈரோடு_மஞ்சள்

இப்போது நடப்பவற்றோடு ஒப்பிட்டால் சுப்பா ராவ் எவ்வளவோ மேல். நம் சதாசிவம் ஓய்வு பெற்ற சில மாதங்களில் கேரள ஆளுநர் ஆனார், கோகோய் 2020-இல் மாநிலங்களவைக்குப் போனார். அவை அரசு கொடுத்த பதவிகள். சுப்பா ராவ் ஆளும் கட்சியை எதிர்த்து, தோற்கும் வாய்ப்பு அதிகம் என்று தெரிந்து நின்றவர். இரண்டும் ஒன்றா?

#17 · செங்கொடி_நாகை

ஒன்றில்லை. ஆனால் அரசுக்கு வேண்டியவர், எதிர்க்கட்சிக்கு வேண்டியவர் என்று நீதிபதிகளைப் பிரித்துப் பார்க்கும் பழக்கத்துக்கு அவரும் வழி திறந்துவிட்டார். 1973-இல் கேசவானந்த தீர்ப்பு வந்த உடனேயே ஷெலத், ஹெக்டே, குரோவர் மூவரையும் தாண்டி ஏ.என். ராயைத் தலைமை நீதிபதி ஆக்கினார்களே, அது அநியாயம்தான், மறுக்கவில்லை. அதில் ஷெலத் கோலக்நாத்தில் சுப்பா ராவோடு சேர்ந்து நின்றவர். நீதிபதிகளும் அரசியல் கட்சிபோலத்தான் என்று அன்றைய ஆட்சியாளர்கள் நினைக்க 1967 ஒரு சாக்காக ஆகியிருக்கும்.

#18 · மேலமாசிவீதி

ராஜினாமா விஷயத்தில் இங்கே யாரும் அவருக்காக வாதாடப் போவதில்லை, நானும்தான். சாக்கு என்ற சொல்லை மட்டும் ஏற்கிறேன், காரணம் என்று சொன்னால் ஏற்க மாட்டேன். ராய் நியமனத்துக்குக் காரணங்கள் வேறு. வங்கி தேசியமயம், மன்னர் மானியம் என்று அடுத்தடுத்து இந்திரா அரசு நீதிமன்றத்தில் தோற்றிருந்தது.

கேசவானந்த பற்றிப் பேச்சு வந்ததால் சொல்கிறேன். அந்த வழக்கு கோலக்நாத்தைக் கவிழ்த்தது என்று நானே மேலே எழுதினேன். அது பாதிக் கதை. 1971-இல் 24ஆவது திருத்தம் கொண்டுவந்து எதையும் திருத்தலாம் என்று நாடாளுமன்றம் எழுதிக்கொண்டது. 1973-இல் 13 நீதிபதிகளும் அந்தத் திருத்தம் செல்லும் என்றார்கள். அத்தோடு நின்றிருந்தால் சுப்பா ராவ் முழுத் தோல்வி. ஆனால் 7 பேர், திருத்தலாம், அடிப்படைக் கட்டமைப்பை மட்டும் அழிக்கக் கூடாது என்றார்கள். அந்த யோசனை முதலில் உச்ச நீதிமன்றத்தில் ஒலித்தது கோலக்நாத் விசாரணையில்தான். சென்னை வக்கீல் எம்.கே. நம்பியார், டீட்டர் கான்ராட் என்ற ஜெர்மானிய அறிஞர் காசி இந்துப் பல்கலைக்கழகத்தில் ஆற்றிய உரையிலிருந்து எடுத்து வாதாடினார். திருத்தும் அதிகாரத்துக்கு உள்ளுக்குள்ளேயே எல்லை உண்டு என்று. சுப்பா ராவ் அந்த வாதத்துக்கு வலு இருக்கிறது என்று சொல்லிவிட்டு, முடிவு செய்யத் தேவையில்லை என்று விட்டுவிட்டார். அவர் தேர்ந்தெடுத்தது வேறு வழி. திருத்தமும் ஒரு சட்டம்தான், அடிப்படை உரிமையைப் பறிக்கும் சட்டம் செல்லாது, ஆகவே திருத்தமும் செல்லாது. சுலபமான வழி, ஆனால் இறுக்கமானது. ஒரு எழுத்தைக்கூட மாற்ற முடியாது என்றால் எந்த அரசுதான் சும்மா இருக்கும்? நாத் பாய் போன்ற சோஷலிஸ்டுகளே எதிர்க்கட்சியிலிருந்து அதே 1967-இல் தீர்ப்பை மாற்ற மசோதா கொண்டுவந்தார்கள்.

நம்பியாரின் வாதத்தை அன்றே அவர் பிடித்துக்கொண்டிருந்தால் கேசவானந்த வழக்குக்கே வேலை இருந்திருக்காது என்பது என் எண்ணம். அவருடைய பெரிய தவறு என்று கேட்டால் ராஜினாமாவுக்கு முன்னால் இதைத்தான் சொல்வேன்.

#19 · குமாஸ்தா_ராமு

மக்கன் சிங் வழக்கையும் சேர்த்துவிட்டால் படம் முழுமையாகும். சீனப் போரையொட்டி 1962-இல் நெருக்கடி நிலை. பாதுகாப்புச் சட்டத்தில் பலரை உள்ளே போட்டார்கள். அடிப்படை உரிமைக்காக நீதிமன்றம் போகும் வழி நிறுத்திவைக்கப்பட்டிருக்கிறது, ஆகவே அந்த உரிமைகளைச் சொல்லி ஆட்கொணர்வு மனுப் போட முடியாது என்று 1963-இல் பெரும்பான்மை. எழுதியவர் கஜேந்திரகட்கர். சுப்பா ராவ் மட்டும், குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 491ஆவது பிரிவு கொடுக்கும் ஆட்கொணர்வு உரிமை சாசன உரிமையிலிருந்து தனி, அதை யாரும் நிறுத்தவில்லை என்று எழுதினார்.

13 வருடம் கழித்து இந்திரா காலத்து நெருக்கடி. ஜபல்பூர் வழக்கில் நான்கு நீதிபதிகள் கைதிக்கு எந்த வழியும் இல்லை என்றார்கள், கன்னா ஒருவர்தான் எதிர்த்தார். தேதி 1976 ஏப்ரல் 28. சுப்பா ராவ் அடுத்த மாதம் இறந்துவிட்டார். 1963-இல் அவர் பக்கம் இன்னும் மூன்று பேர் சேர்ந்திருந்தால் ஜபல்பூருக்கு வழி அவ்வளவு சுலபமாக இருந்திருக்காது.

#20 · செங்கொடி_நாகை

மக்கன் சிங், கரக் சிங், தேவதாசன். இந்த மூன்றுக்கும் என் வணக்கம், மனதாரச் சொல்கிறேன். மிசாவில் உள்ளே இருந்தவர்கள் எங்கள் கட்சியிலும் உண்டு. கோலக்நாத்தும் வஜ்ரவேலுவும் அப்படியே என் கணக்கில் இருக்கும். போலீஸ் கதவைத் தட்டுவதை எதிர்த்த அதே உறுதியோடு 500 ஏக்கரையும் காத்த ஆள் அவர். ஒன்றுக்காக இன்னொன்றை மன்னிக்கச் சொல்லாதீர்கள்.

#21 · மேலமாசிவீதி

மன்னிக்கச் சொல்லவில்லை தோழர். அவருக்கு இரண்டும் ஒன்றாகவே தெரிந்தது என்பதுதான் எனக்குப் புரிந்தது. அடிப்படை உரிமைகள் இயற்கை உரிமைகளின் இன்றைய பெயர் என்று கோலக்நாத்திலேயே எழுதுகிறார். அந்தப் பட்டியலில் சொத்தும் இருந்தது, அவர் அதைத் தனியாகப் பிரித்துப் பார்க்க மறுத்தார். 1978-இல் 44ஆவது திருத்தம் சொத்துரிமையை அடிப்படை உரிமைகளிலிருந்து எடுத்துவிட்டது. அதன் பிறகு அவருடைய மற்ற தீர்ப்புகளைக் கையில் எடுக்க யாருக்கும் தயக்கம் இல்லாமல் போயிற்று.

#22 · சட்டக்கல்லூரி_மாடிப்படி

இவற்றில் எதை முதலில் படிக்கலாம் சார்? அடுத்த வாரம் வகுப்பில் பேச வேண்டும்.

#23 · குமாஸ்தா_ராமு

கோலக்நாத்தை முழுதாகப் படிக்க உட்காராதே அம்மா, மூச்சு முட்டும். கரக் சிங்கிலிருந்து ஆரம்பி. ராஜகோபால அய்யங்கார் எழுதியதை முதலில் படி, அதுவும் நல்ல தீர்ப்புதான், லேசில் தள்ளிவிட முடியாது. பிறகு சுப்பா ராவின் பகுதி, சில பக்கங்கள்தான். அடுத்தது தேவதாசன். நேரம் இருந்தால் சாஹ்னி வழக்கில் இதாயத்துல்லா எழுதிய மாறுபட்ட தீர்ப்பையும் பார்த்துக்கொள். சுப்பா ராவை எதிர்த்து எப்படி வாதாடுவது என்று அதில் கற்றுக்கொள்ளலாம், வகுப்பில் கேள்வி அங்கிருந்துதான் வரும்.